கயிற்றைப் பிடித்தவர்கள்



சென்ற மாதம் நம் வாலிபர் ஐக்கியக் கூட்டத்தில் மாற்கு முதலாம் அதிகாரத்தைத் தியானித்துக்கொண்டிருந்தோம். யாக்கோபும் யோவானும் தங்கள் தகப்பனாகிய செபெதேயுவைக் கூலியாட்களோடு படகிலே விட்டுவிட்டு ஆண்டவருக்குப் பின்சென்ற இடம். சீஷத்துவத்தின் விலை என்ன என்று நான் வழக்கம்போல் விளக்கத் தொடங்கியபோது, பின்வரிசையில் இருந்த தம்பி ஒருவர் எழுந்து, "ஐயா, செபெதேயு அன்று வீட்டுக்குப் போய் மனைவியிடம் என்ன சொல்லியிருப்பார்?" என்று கேட்டார். சிலர் சிரித்தார்கள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. முப்பது ஆண்டுகளாகப் பிரசங்கித்துவரும் பகுதி இது. அந்த வீட்டின் வாசலுக்குள் நான் ஒருநாளும் எட்டிப் பார்த்ததில்லை.

நாம் மலையடிவாரத்து மக்கள். நம் ஊர் நெருப்பின் தலமென்று பேர்பெற்றது. கார்த்திகைத் தீபத்தை இருபது மைலுக்கு அப்பாலிருந்தும் பார்க்கலாம். கடலோ நமக்கு நூறு கிலோமீட்டருக்கு மேல் தள்ளி, புதுச்சேரிப் பக்கம் இருக்கிறது. சந்தையில் கருவாட்டுக் கூடையைக் கடந்து போகும்போது மட்டுமே அதன் வாசனை நம்மை எட்டும். ஆகவே வேதத்திலுள்ள படகுகளும் வலைகளும் நமக்குப் படத்தில் கண்ட பொருள்களாகவே நின்றுவிடுகின்றன. அந்தத் தம்பியின் கேள்வி என்னை வேறொரு கரைக்கு, முத்துக்குளித்துறைக்கு, இழுத்துச் சென்றது.

இறையியல் கல்லூரியில் படித்த நாட்களில், ஒரு கோடை விடுமுறையில் நண்பர் ஒருவரோடு மணப்பாட்டுக்குப் போயிருந்தேன். கடலுக்குள் நீண்டு நிற்கும் மணற்குன்றின் மேல் திருச்சிலுவைக் கோயில், கீழே வெண்மணல். அங்கே முதியவர் ஒருவரைச் சந்தித்தோம். தூத்துக்குடியில் கடைசியாக முத்துக்குளிப்பு நடந்த 1955 முதல் 1961 வரையிலான ஆண்டுகளில் கடலில் மூழ்கியவர் அவர். காது சரியாகக் கேட்காது; ஆழத்தின் அழுத்தம் தந்த பரிசு. நீருக்கடியில் என்ன தெரியும் என்று நாங்கள் கேட்டோம். அவர் அதற்குப் பதில் சொல்லாமல், மேலே யார் இருந்தார் என்பதைப் பற்றியே பேசினார். "அண்ணன் தம்பிகிட்ட கயித்தக் குடுக்கமாட்டோம், தம்பி. மச்சான்கிட்டதான் குடுப்போம்" என்றார்.

இதைப் புரிந்துகொள்ள அந்தத் தொழிலின் முறையைச் சற்றே சொல்லவேண்டும். நள்ளிரவுக்குப் பின் கரைக்காற்றைப் பிடித்துப் படகுகள் புறப்படும். விடியும்போது முத்துப்பாரின் மேல் நிற்கும். பார் என்பது கடலடியில் சிப்பிகள் ஒட்டி வளரும் பாறைத்திட்டு. மன்னார் வளைகுடாவில் அது பெரும்பாலும் ஆறு முதல் ஒன்பது பாகம் ஆழத்தில் கிடக்கும். இரண்டு கைகளையும் விரித்த நீளம் ஒரு பாகம். முத்துக்குளிப்பவர் கயிற்றில் கட்டிய கனமான கல்லின் மேல் ஒரு காலை வைப்பார். மூச்சை இழுத்து மூக்கைப் பொத்திக்கொள்வார். மேலிருப்பவர் கயிற்றைத் தளர்த்தியதும் கல் அவரை அடிமட்டத்துக்கு இறக்கிவிடும். கல்லை மேலே இழுத்துக்கொள்வார்கள். ஏறத்தாழ ஒரு நிமிடம். அதற்குள் கைக்கு எட்டிய சிப்பிகளை அறுத்து இடுப்பு வலைப்பையில் போட்டுக்கொண்டு கயிற்றை அசைப்பார். அந்த அசைவை மேலிருப்பவர் உணர்ந்து விரைவாக இழுக்கவேண்டும். அவர் பராக்குப் பார்த்தால், ஒரு சுருட்டைப் பற்றவைக்கத் திரும்பினால், கீழே ஓர் உயிர் போய்விடும். நண்பகலில் கடற்காற்று எழும்வரை இப்படியே பலமுறை இறங்குவார்கள்.

அந்தக் கயிற்றின் மறுமுனையை யார் கையில் கொடுப்பது? உடன்பிறந்தவன் இறந்தால் பங்காளிக்குச் சொத்து சேரும். மைத்துனனுக்கோ, கீழே இருப்பவன் இறந்தால் தன் அக்காளோ தங்கையோ தாலியறுத்து வீட்டுக்கு வருவாள். ஆகவே மைத்துனன் கண்ணிமைக்கமாட்டான் என்பது அந்தக் கரையின் கணக்கு. ஒவ்வொரு படகிலும் ஒவ்வொரு கயிற்றையும் மைத்துனன்தான் பிடித்தான் என்று நான் வாதாட வரவில்லை. கீழக்கரை முஸ்லிம் சகோதரர்களும் முத்துக்குளித்தார்கள். இலங்கைப் பக்கத்துக் குளிப்புகளில் அரபு நாட்டவரும் வந்து இறங்கினார்கள். ஆனால் கரையோரமெங்கும் மக்கள் இதைத் தலைமுறையாகச் சொல்லிவருகிறார்கள். சொத்தைப் பற்றிய இந்த நம்பிக்கையின்மையைக் கேட்டு நான் முதலில் முகம் சுளித்தேன். பிறகு ஆதியாகமத்தில் வரும் சகோதரர்களை நினைத்துப் பார்த்தேன்: காயீன், ஏசா, யோசேப்பின் அண்ணன்மார். பரதவர் மனித இருதயத்தைப் பற்றி மோசேயைவிடக் கடுமையாக ஒன்றும் சொல்லிவிடவில்லை.

இந்த மக்களின் வரலாறு மிகப் பழையது. தாமிரபரணியின் முகத்துவாரத்தில் இருந்த கொற்கையின் முத்துகளைச் சங்கப் பாடல்கள் பேசுகின்றன. கி.பி. முதலாம் நூற்றாண்டில் எழுதப்பட்ட கிரேக்கக் கடற்பயண நூலான பெரிப்ளூஸ், அங்கே தண்டனை பெற்ற குற்றவாளிகளைக்கொண்டு முத்தெடுத்தார்கள் என்கிறது. ஆற்றுமணல் கொற்கையைத் தூர்த்துவிட்டது. துறைமுகம் பழையகாயலுக்கும், பின்பு புன்னைக்காயலுக்கும், தூத்துக்குடிக்கும் நகர்ந்தது. பட்டினப்பாலை என்னும் சங்கநூலில் ஒரு காட்சி எனக்கு மிகவும் பிடிக்கும். முழுநிலா நாளில் பரதவர் கடலுக்குப் போவதில்லை. சினைச்சுறாவின் கொம்பை மணலில் நட்டு, அதில் தெய்வத்தை ஏற்றி, தாழம்பூச் சூடி, பெண்டு பிள்ளைகளோடு உண்டு களித்திருக்கிறார்கள். அவர்கள் வழிபட்டதை நாம் வழிபடமாட்டோம். ஆனாலும் கடல் அழைத்தாலும் போகாமல் குடும்பத்தோடு இருப்பதற்கென்று ஒரு நாளை ஒதுக்கி வைத்தார்களே! பிற்காலத்தில் அந்தக் கரையோர ஊர்கள் பலவும் ஞாயிற்றுக்கிழமை கடலுக்குப் போவதில்லை என்ற கட்டுப்பாட்டை அவ்வளவு எளிதாக ஏற்றுக்கொண்டதற்கு, மண் ஏற்கெனவே பண்பட்டிருந்தது என்றே நான் எண்ணுகிறேன்.

1535-இல் பட்டங்கட்டிகள் எனப்பட்ட பரதவர் தலைவர்கள் கொச்சிக்குப் போய்ப் போர்த்துகீசியரின் பாதுகாப்பை நாடினார்கள். அதைத் தொடர்ந்து 1537-க்குள் ஏறத்தாழ இருபதாயிரம் பேர் ஞானஸ்நானம் பெற்றார்கள். முத்துப்பார்களின் மீதான உரிமைப் போட்டியும், கடற்படையின் துணை வேண்டியிருந்ததுமே காரணம். அதை மறைப்பது நேர்மையாகாது. அவர்களுக்கு ஞானஸ்நானம் கொடுத்தவர்கள் போய்விட்டார்கள். சொல்லிக்கொடுக்க ஆளில்லை. ஐந்து ஆண்டுகள் கழித்து, 1542 அக்டோபரில், பிரான்சிஸ் சவேரியார் அந்தக் கரைக்கு வந்தார்.

அவருக்குத் தமிழ் தெரியாது. பிறர் உதவியோடு விசுவாசப் பிரமாணத்தையும் கர்த்தருடைய ஜெபத்தையும் கற்பனைகளையும் தமிழாக்கி மனனம் செய்துகொண்டார். கையில் மணியோடு தெருத்தெருவாய் நடந்து பிள்ளைகளைக் கூட்டினார். பகலில் கற்றதை மாலையில் வீட்டிலே தாய்தகப்பனுக்குச் சொல்லிக்கொடுக்கும்படி பிள்ளைகளை ஏவினார். அப்பா கடலிலிருந்து வந்து வலையை உலர்த்திக்கொண்டிருக்கும்போது எட்டு வயதுப் பிள்ளை அருகில் உட்கார்ந்து பாடம் நடத்துகிறது என்று எண்ணிப் பாருங்கள். முத்துக்குளித்துறையிலிருந்து ஆண்டுதோறும் போர்த்துகல் அரசியின் காலணிச் செலவுக்கென்று 4,000 பணம் போய்க்கொண்டிருந்தது. சவேரியார் அதைக் கேட்டு வாங்கி உபதேசிமாருக்குச் சம்பளமாகக் கொடுத்தார். திருச்சபை வரலாற்றில் எனக்கு மிகப் பிடித்த வரவுசெலவுக் கணக்கு இது. 1544-இல் வடுகர் படை தென்முனையைத் தாக்கியபோது, மக்கள் பெண்டு பிள்ளைகளோடு கன்னியாகுமரிக் கடற்பாறைகளுக்கு ஓடிப்போய்ப் பசியிலும் தாகத்திலும் கிடந்தார்கள். சவேரியார் இருபது தோணிகளில் உணவேற்றிக்கொண்டு மணப்பாட்டிலிருந்து புறப்பட்டார். எதிர்க்காற்று தோணிகளை முன்னேறவிடவில்லை. பின்பு கரைவழியே நடந்து அவர்களிடம் போனார். அந்த மக்களின் நேசத்தைச் சம்பாதித்தது போதனை மாத்திரமல்ல, அந்தத் தோணிகளும்தான்.

அவருக்குப்பின் வந்த என்றிக்கே என்றிக்கஸ் அடிகளார் தமிழை முறையாகக் கற்றவர். 1578-இல் கொல்லத்தில் அச்சான அவருடைய பதினாறு பக்கத் 'தம்பிரான் வணக்கம்', இந்திய மொழியொன்றில் அதன் எழுத்திலேயே இந்திய மண்ணில் அச்சிடப்பட்டு நமக்குக் கிடைத்திருக்கும் முதல் நூல். அந்த அச்சுப்பணிக்குப் பரதவ மக்களின் பணம் உதவியது. நாம் இன்று கையில் வைத்திருக்கும் தமிழ் வேதாகமத்துக்கு முன்னோடியான அந்த எழுத்துகளுக்கு, மூச்சடக்கி மூழ்கியவர்களும் விலைகொடுத்திருக்கிறார்கள்.

இனி நம் சீர்திருத்தச் சபையாருக்குச் சற்றே சங்கடமான ஒரு செய்தி. 1658-இல் டச்சுக்காரர் தூத்துக்குடியைக் கைப்பற்றினார்கள். கத்தோலிக்கக் குருமாரை அகற்றினார்கள். பிலிப்புஸ் பால்டேயுஸ் என்ற சீர்திருத்தச் சபைப் போதகர், தமிழைக் கற்க உழைத்தவர், அந்த மக்களிடம் வந்தார். பரதவர் அசையவில்லை. ஆட்சி மாறியது, குருமார் போனார்கள், கோயில்கள் கைமாறின. ஆனாலும் நூற்றாண்டுக்கு மேல் நீடித்த டச்சு ஆதிக்கம் அவர்களைத் தன் சபைக்குள் கொண்டுவர முடியவில்லை. நம் பக்கத்து எழுத்தாளர் சிலர் இதை அறியாமையின் பிடிவாதமென்று எழுதிவிட்டுப் போவார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. ஜெபம் பீடத்தில் மாத்திரம் இருந்திருந்தால், பீடம் போனதோடு போயிருக்கும். அது பிள்ளைகள் வாயிலாக அடுப்படிக்குள் நுழைந்து நூறு ஆண்டுகளுக்கு மேல் ஆகியிருந்தது. அடுப்படியைக் கைப்பற்ற எந்தக் கும்பினியாலும் ஆகாது. நம் வீடுகளில் மாலை ஜெபம் எப்படி இருக்கிறதென்று நான் இங்கே கேட்கப்போவதில்லை; தொலைக்காட்சித் தொடர்கள் எத்தனை மணிக்குத் தொடங்குகின்றன என்பது எனக்கும் தெரியும்.

வீட்டு ஜெபத்தைப் பற்றிப் பேசும்போது இன்னொரு கடலை நினைக்கிறேன். லண்டன் மிஷனரி சங்கத்தார் 1796-இல் 'டஃப்' என்னும் கப்பலில் பசிபிக் கடலின் தாகித்தித் தீவுக்குத் தங்கள் முதல் ஊழியர்களை அனுப்பினார்கள். அதே சங்கத்தைச் சேர்ந்த ரிங்கல்தௌபே 1806-இல் நம் தென்கோடியில் மயிலாடிக்கு வந்தார். ஆகவே நாஞ்சில் நாட்டுச் சபையாரும் பொலினீசியத் தீவுச் சபையாரும் ஒரே தாயின் மடியில் வளர்ந்தவர்கள். அந்தத் தீவுகளுள் ஒன்றான சமோவாவின் கிராமங்களில் இன்றும் பொழுது சாயும் வேளையில் சங்கு ஊதியோ மணியடித்தோ அறிவிக்கிறார்கள். தெரு அடங்குகிறது. ஒவ்வொரு குடும்பமும் தன் வீட்டில் கூடி ஜெபிக்கிறது. கடலோடிகளாகிய அவர்கள் பாய்களைச் சுருட்டிவைக்கும் நேரம் அது.

அவர்களுக்கும் நம் கரைக்கும் வேறோர் உறவும் சொல்லப்பட்டதுண்டு. சென்னை மாகாணத்தின் மீன்துறை இயக்குநராயிருந்த ஜேம்ஸ் ஹார்னெல், 1920-இல் இந்தியப் படகுகளைப் பற்றி ஒரு நூல் எழுதினார். பக்கத்தில் மிதவைக்கட்டை பொருத்திய தோணிகளைத் தென்கரையில் கண்டு, இது பொலினீசிய இனத்தார் விட்டுச்சென்ற அடையாளம் என்றும், பரதவரிடம் அவர்களுடைய கலப்பு உண்டென்றும் கருதினார். அது சற்று மிகையென்பது என் எண்ணம். ஆனால் பொலினீசியருக்கு உறவினரான தென்கிழக்காசிய மாலுமிகள் இந்தியப் பெருங்கடலைக் கடந்து மடகாஸ்கரில் குடியேறியது உறுதியான வரலாறு. சொற்களின் வழியே நடந்தது இன்னும் வேடிக்கை. நம் 'கட்டுமரம்' ஆங்கிலத்துக்குப் போய் 'கேட்டமரான்' ஆயிற்று. மரங்களைச் சேர்த்துக் கட்டிய நம் மிதவையைக் குறித்த அந்தச் சொல், நாளடைவில் பொலினீசியர் பாணியில் இரட்டை உடல் கொண்ட படகுக்குப் பெயராகிவிட்டது.

மறுபடியும் முத்துப்பாருக்கு வருகிறேன். சுறா பயம் பெரிது. ஆகவே குளிப்பு நடக்கும் நாட்களில் 'கடல்கட்டி' என்பவர் கரையில் மந்திரம் சொல்லிச் சுறாக்களின் வாயைக் கட்டவேண்டும். அவர் இல்லாமல் ஒருவரும் இறங்கமாட்டார்கள். பதின்மூன்றாம் நூற்றாண்டின் இறுதியில் வந்த மார்க்கோ போலோ, இதைப் பிராமணர் செய்ததாகவும், கிடைத்ததில் இருபதில் ஒரு பங்கை அவர்கள் பெற்றதாகவும் எழுதியிருக்கிறார். பத்தொன்பதாம் நூற்றாண்டில் இலங்கையில் பிரிட்டிஷ் அரசே இவர்களுக்குப் படி கொடுத்தது. அக்காலத்து அதிகாரியான எமர்சன் டென்னன்ட், தாம் அறிந்த கடல்கட்டிக் குடும்பத்தின் தலைவர் ஒரு ரோமன் கத்தோலிக்கர் என்று பதிவு செய்திருக்கிறார்! ஞானஸ்நானமும் மந்திரமும் ஒரே வீட்டில் குடியிருந்தன. முப்பது வயதில் இதைப் படித்தபோது ஒரு காரசாரமான பிரசங்கம் எழுதினேன். இப்போது அதை எடுத்துப் படித்தால் வெட்கமாயிருக்கிறது. மந்திரம் பொய்யென்பதில் எனக்கு ஐயமில்லை. ஆனால் ஒன்பது பாகம் ஆழத்தில் மூச்சடக்கி இறங்குகிறவனுடைய பயத்தை, மின்விசிறியின் கீழ் உட்கார்ந்து அளந்திருக்கிறேன்.

பயத்தின் பாரம் வீட்டிலிருந்த பெண்களின்மேல் இன்னும் கொடிதாய் விழுந்தது. கேரளக் கரையில், கடலுக்குப் போனவனின் உயிர் கரையிலிருக்கும் மனைவியின் கற்பில் இருக்கிறது என்றொரு நம்பிக்கை உண்டு. தகழி சிவசங்கரப் பிள்ளையின் 'செம்மீன்' நாவல் (1956) இதை மையமாகக் கொண்டது. காதல் கதையென்று அதைக் கொண்டாடுகிறவர்கள் பலர். நான் அதில் ஒரு பெரிய அநியாயத்தைப் பார்க்கிறேன். புயல் அடித்துப் புருஷன் இறந்தால், அழுதுகொண்டிருக்கும் விதவையை ஊர் சந்தேகத்தோடு பார்க்கும். யோபுவின் சிநேகிதர்கள் இதைத்தான் செய்தார்கள். உண்மையில் கடற்கரைப் பெண்கள் செய்தது என்ன? மீனை ஏலத்தில் எடுத்தும் தலைச்சுமையாய் விற்றும் காசாக்கியவர்கள் அவர்கள். சீட்டுக் கட்டி, கடன் வாங்கி, கடன் கொடுத்து, மீன்பாடில்லாத மாதங்களில் உலை கொதிக்கச் செய்தவர்கள். முத்துப்பார்கள் சில வேளைகளில் பல ஆண்டுகள் மலடாய்க் கிடக்கும். அப்போதெல்லாம் பிள்ளைகள் பசியாறியது அம்மாவின் முந்தானை முடிச்சிலிருந்துதான்.

1961-க்குப்பின் அந்தக் கரையில் பெரிய முத்துக்குளிப்பு நடக்கவில்லை. சங்கு குளிக்கிறவர்கள் இன்னும் இறங்குகிறார்கள். மற்றவர்கள் இயந்திரப் படகுகளில், கரை தெரியாத ஆழ்கடலுக்கு வாரக்கணக்கில் போகிறார்கள். கயிறு இப்போது அத்தனை நீளம்.

2004 டிசம்பர் 26 ஒரு ஞாயிற்றுக்கிழமை. கிறிஸ்துமஸுக்கு மறுநாள். குமரி மாவட்டத்துக் கடலோர ஊர்களில், கட்டுப்பாட்டை மதித்துக் கடலுக்குப் போகாமல் ஆண்கள் குடும்பத்தோடு கரையில் இருந்தார்கள். ஆழ்கடலில் இருந்திருந்தால் சுனாமி அலை படகின் கீழே ஓசையின்றிக் கடந்து போயிருக்கும். அது கரையில்தான் எழுந்து நின்றது. குளச்சல், கொட்டில்பாடு, மணக்குடி என்ற பெயர்களைப் பத்திரிகையில் படித்த அந்த வாரத்தில் நான் பிரசங்க மேடையில் நின்று என்ன சொன்னேன் என்பது நினைவில்லை. அதை விளக்க இன்றும் முயலமாட்டேன்.

2017 நவம்பர் இறுதியில் ஒக்கிப் புயல் வந்தது. எச்சரிக்கை எட்டுமுன்பே தூத்தூர், சின்னத்துறை, வள்ளவிளை போன்ற ஊர்களின் ஆழ்கடல் மீனவர் வெகுதூரம் போய்விட்டிருந்தார்கள். சில படகுகள் லட்சத்தீவில் ஒதுங்கின. சில மகாராஷ்டிரம், குஜராத் வரை போய்க் கரைசேர்ந்தன. பல சேரவேயில்லை. உடல் கிடைக்காவிட்டால் மரணச் சான்றிதழ் இல்லை. காணாமற்போனவரை இறந்தவராகக் கொள்ளச் சட்டம் ஏழாண்டு காத்திருக்கச் சொல்லும். தேடுதல் போதவில்லை என்று மக்கள் குழித்துறை ரயில் நிலையத்துக்குத் திரண்டு போய்த் தண்டவாளத்தில் உட்கார்ந்தார்கள். அம்மாக்களும், மனைவிகளும், அக்காள் தங்கைகளும் கைக்குழந்தைகளோடு பகல் முழுவதும், இருட்டிய பின்னும் அங்கேயே இருந்தார்கள். அந்தப் புகைப்படங்களைப் பார்த்தபோது எனக்கு மணப்பாட்டு முதியவரின் உள்ளங்கைகள் நினைவுக்கு வந்தன. தான் மூழ்காத நாட்களில் மச்சானுக்காகக் கயிறு பிடித்தவர் அவர். உள்ளங்கையின் குறுக்கே தோல் தடித்து ஒரு வரப்பைப்போல் இருந்தது. இறுக்கிப் பிடித்து உண்டான வரப்பு.

இவ்வளவையும் நினைத்துக்கொண்டுதான் அந்தத் தம்பியின் கேள்விக்கு மறுவாரம் பதில் சொன்னேன். செபெதேயு வீட்டில் என்ன சொன்னார் என்று சுவிசேஷகர் எழுதவில்லை. அன்றைக்குப்பின் அவரைப் பற்றிய பேச்சே இல்லை. வலையும் கூலியாட்களுமாய் அந்தப் படகிலேயே நின்றுவிடுகிறார். ஆனால் அவர் மனைவி வருகிறாள். இரண்டு குமாரரையும் அழைத்துக்கொண்டு இயேசுவிடம் வந்து, ராஜ்யத்தில் அவர்களுக்கு வலப்பக்கமும் இடப்பக்கமும் இடம் கேட்கிறாள். நாம் அவளைப் பேராசைக்காரி என்று பிரசங்கித்துப் பழகிவிட்டோம். மத்தேயு இருபத்தேழாம் அதிகாரத்தில் மறுபடியும் அவளைப் பார்க்கிறோம். சீஷர்கள் ஓடிப்போன பிறகு, சிலுவைக்குத் தூரத்தில் நின்று பார்த்துக்கொண்டிருந்த பெண்களுள் செபெதேயுவின் குமாரருடைய தாயும் ஒருத்தி. கலிலேயாக் கரையிலிருந்து எருசலேம்வரை நடந்து வந்திருந்தாள்.